பத்துக்கு ஏழு

பாரிசின் லாச்சப்பலில் கலாவதி பேசிச் செய்துவைத்த கலியாணங்கள் எல்லாவற்றிலும் பொருத்தம் பத்துக்கு ஏழு. ஆறும் இல்லை, எட்டும் இல்லை. பதினான்கு வருடமாக ஏழு. இதனால் எவருக்கும் சந்தேகம் வந்ததாகத் தகவல் இல்லை. அக்காவின் கண் அப்படி என்றுதான் சனம் சொல்லிக்கொண்டது. ஏழுக்குக் குறைந்த சாதகத்தை அவர் கையாலும் தொடமாட்டாராம். பத்துக்குப் பத்து என்று ஆசை காட்டுகிற கள்ளத்தனமும் அவரிடம் கிடையாதாம். பத்து என்றால் யாருக்கும் கொஞ்சம் இடிக்கும். ஏழு என்றால் நம்பலாம். மூன்று குறை இருக்கிறது, மனிசர் என்றால் அப்படித்தானே.

ஏழு என்று சொன்னது உண்மையில் கலாவதி அல்ல, அவருடைய போன். எண்கள் தேய்ந்துபோன, தீப்பெட்டி அளவு திரையுள்ள பழைய பட்டன் போன் அது. அதற்குள் பொருத்தம் பார்க்கும் ஒரு குட்டிச் செயலி இருந்தது. மாப்பிள்ளை, பொம்பிளை இருவருடைய நட்சத்திரத்தையும் ராசியையும் கொடுத்தால் திரையில் ஒரு மணற்கடிகாரம் இரண்டு தரம் புரளும், பிறகு ஏழு என்று வரும். தொடுதிரைப் போன்களில் இதே வேலைக்கு நூறு செயலிகள் உண்டுதான். ஒன்று ஐந்து என்றால் மற்றது எட்டு என்னும், நடுவில் தலைமயிர் வளர எண்ணெய் விளம்பரம் வேறு ஓடும். கலாவதியின் போனில் இன்ரநெற்றே இல்லை. இன்ரநெற் இல்லாத சாமான் எப்படிப் பொய் சொல்லும் என்று பொபினி, பொண்டிப் புறநகர்களில் இருக்கிற படித்த மனிதர்களே கேட்டார்கள்.

கலாவதி போனை மேசையில் கிடத்திவிட்டு வலது கையால் மட்டும் தட்டுவார். இடது மணிக்கட்டு ஒழுங்காக மடங்காது. பிரான்சுக்கு வந்த புதிதில் பனியில் வழுக்கி விழுந்தது என்று எல்லோருக்கும் தெரியும். போனிலும் ஒரு ஊனம் இருந்தது. திரையைக் கீழே நகர்த்துகிற பட்டன் வேலை செய்யாது. சும்மாவே மாற்றித் தருகிறேன் என்று கரிகாலன் எத்தனையோ தரம் கேட்டிருக்கிறான். மேலே தெரிவது போதும், கீழே என்ன புதையலா கிடக்கிறது என்று அவர் மறுத்துவிடுவார்.

கரிகாலனுக்கு முப்பத்து நாலு வயது. சேலைக் கடைக்கும் மீன் கடைக்கும் நடுவில், இரண்டு பேர் உள்ளே நின்றால் மூன்றாவது ஆள் தெருவில் நிற்கவேண்டிய ஒரு போன் கடையில் அவன் திருத்துகிறவன். கண்ணாடி உடைந்த விலையுயர்ந்த போனை யாரும் திருத்துவார்கள். செத்துப்போன பட்டன் போனை எழுப்ப அந்தத் தெருவில் அவன் ஒருவன்தான். அதற்கென்று வருகிற சனமும் தனி ரகம். கட்டட வேலைக்குப் போய் மாதம் ஒரு திரையை உடைக்கிறவர்கள், பென்சன் எடுத்தவர்கள், அனுப்பிய செய்தியைப் பார்த்தாரா இல்லையா என்று மனைவி கண்டுபிடித்துவிடுவாளே என்று பயந்தவர்கள். அவர்களுடைய போன்களில் ஒரு மெகாபைட்டுக்கும் குறைவான குட்டிச் செயலிகளை ஏற்றிக் கொடுப்பான். தேவாரம், பஞ்சாங்கம், பிரெஞ்சு அகராதி, தாயக்கட்டை. யாரோ புண்ணியவான்கள் அந்தக் காலத்துக் கோப்புகளை இன்னமும் இன்ரநெற்றில் காத்து வைத்திருக்கிறார்கள். அவற்றை இறக்கி, மெமரி காட்டில் போட்டு, போனுக்குள் தள்ளவேண்டியதுதான். அப்போது போன் ஒரு கேள்வி கேட்கும்: இந்தச் செயலி நம்பத்தகுந்ததல்ல, இருந்தாலும் தொடரவா? எல்லோரும் ஓம் என்று அழுத்துவார்கள். கலியாண எழுத்தின்போது நகரசபையில் கேட்கவேண்டிய கேள்வியை ஒரு போன் கேட்கிறதே என்று கரிகாலனுக்குச் சிரிப்பு வரும்.

அப்படித் தேவாரம் ஏறிய போன்களில் ஒன்று பொபினி ஞானசுந்தரத்தாருடையது. உணவகச் சமையலறையில் முப்பது வருடம் நின்று பென்சன் எடுத்தவர். நாள் பார்க்காமல் சப்பாத்துக்கூட வாங்காத மனிதர். போனைக் கடைக்குக் கொண்டுவந்தது அவருடைய ஒரே மகள் தர்மிளா, பொபினியில் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை செய்கிறவள். போனில் இருந்த பழுது ஒன்று. அவள் வந்தது நாலு தரம். நாலாந்தரம் வரும்போது போனைக் கொண்டுவர மறந்துவிட்டாள். அதோடு இருவருக்கும் விசயம் விளங்கிவிட்டது.

அது நடந்து ஒரு வருடத்துக்கு மேலாகிறது. காதல் என்று சொன்னால் இரண்டு வீடும் செத்தவீடாகிவிடும். அதே மாப்பிள்ளையை அதே பொம்பிளைக்குக் கலாவதி பேசிக்கொண்டு வந்தால் நல்ல சம்பந்தம், பிள்ளையார் கொண்டுவந்து தந்தது. ஆகவே லாச்சப்பலில் காதலிக்கிற மற்றவர்கள் செய்வதையே இவர்களும் செய்தார்கள். அதாவது, ஒருவரை ஒருவர் தெரியாதவர்கள் ஆனார்கள். பொண்டியில் இருக்கிற கரிகாலனின் தாய், மகனின் சாதகக் குறிப்பைக் கலாவதியிடம் கொடுத்தார். இரண்டு கிழமை கழித்துத் தர்மிளாவின் தாய் மகளின் குறிப்பைக் கொடுத்தார். இரண்டும் ஒரே பிளாஸ்ரிக் பைக்குள் சந்தித்துக்கொண்டன. கலாவதி பொபினிக்குப் போய்த் தேத்தண்ணீர் குடித்தார், பொண்டிக்குப் போய்த் தேத்தண்ணீர் குடித்தார், போன் கடை வாசலில் அரை மணித்தியாலம் சும்மா நின்று பார்த்தார். பிறகு, எனக்கென்னவோ இந்த இரண்டும் சரிவரும் போலக் கிடக்கு என்று தானே கண்டுபிடித்த மாதிரிச் சொன்னார். வருகிற ஞாயிறு ஞானசுந்தரத்தார் வீட்டில் எல்லோருக்கும் முன்னால் போனில் தட்டிப் பார்ப்பது என்று முடிவாயிற்று. ஏழு வரும். வந்தபிறகு கரிகாலனும் தர்மிளாவும் முதல்முறையாக அறிமுகமாவார்கள்.

ஏழு வராவிட்டால் என்ன ஆகும் என்பதையும் தர்மிளா மறைக்கவில்லை. அப்பாவுக்கு நெஞ்சில் ஒப்பரேசன் நடந்து இன்னும் வருடம் திரும்பவில்லை. அவர் வேண்டாம் என்றால் அவள் வீட்டை விட்டு வரமாட்டாள். அழுவாள், ஆனால் வரமாட்டாள். கரிகாலன் அதைப் பற்றி யோசிக்கவே இல்லை. கலாவதியின் போன் ஏழைத் தவிர வேறு எதையும் சொன்னதாக அவன் கேள்விப்பட்டதில்லை.

வியாழக்கிழமை அந்தப் போன் செத்தது. தேத்தண்ணீர்க் கடையின் கடைசி மேசைதான் கலாவதியின் அலுவலகம். மேசை விளிம்பிலிருந்து போன் நழுவி, நிலம் கழுவ வைத்திருந்த சவர்க்காரத் தண்ணீர் வாளிக்குள் மூழ்கிவிட்டது. அவர் அதை ஒரு துவாயில் சுற்றி, காய்ச்சல்காரப் பிள்ளையைப் போல மார்போடு அணைத்துக்கொண்டு கடைக்கு வந்தார். ஞாயிற்றுக்கிழமைக்குள் எழுப்பிக் கொடுக்காவிட்டால் பாதிக்கப்படப்போகிற ஆள் யார் என்று நினைவுபடுத்திவிட்டுப் போனார்.

கரிகாலன் திறந்து பார்த்தான். எழுப்ப வழியில்லை. ஆனால் இழுப்பறையில் அதே ரகப் போன் ஒன்று கிடந்தது. சிம்மையும் மெமரி காட்டையும் அதற்கு மாற்றினான். செயலியின் பழைய கோப்பு காட்டிலேயே இருந்தது. புதிதாக ஏற்றினான். நம்பத்தகுந்ததல்ல என்றது போன். ஓம் என்றான் அவன். வேலை செய்கிறதா என்று பார்க்க யாருடையதையாவது போடவேண்டுமே. சாதகத்தில் கடுகளவும் நம்பிக்கை இல்லாத அந்த நவீன மனிதனின் விரல் தன் சித்திரையையும் தர்மிளாவின் அவிட்டத்தையும் தானாகவே தட்டியது.

மணற்கடிகாரம் இரண்டு தரம் புரண்டது. மூன்று என்று வந்தது.

பொருந்திய மூன்றில் ஒன்று கணம். இருவரும் இராட்சத கணமாம், அந்த மட்டில் நல்ல ஒற்றுமை. பொருந்தாததில் முதலாவது ரச்சு, அதாவது தாலிப் பலம். இருவருக்கும் தலை ரச்சு, புருசனுக்கு உயிர்க்கண்டம் என்று சிவப்பில் போட்டிருந்தது. சும்மா கிடைத்த ஒரு செயலிக்குத் தன் உயிரில் இவ்வளவு அக்கறை தேவையில்லை என்று கரிகாலன் நினைத்துக்கொண்டான். ஆனாலும் உள்ளங்கை வியர்த்துவிட்டது. அதை ஒத்துக்கொள்ளத்தான் வேண்டும்.

மீன் கடைப் பிரசாந்தனிடம் போய் அவனுடைய நட்சத்திரத்தையும் மனைவியுடையதையும் கேட்டு வந்தான். கலாவதி சேர்த்துவைத்த சோடி, அப்போது ஏழு. கலியாணமாகி ஒன்பது வருடம், இன்னும் இரண்டு பேரும் மீன் வெட்டுகிற பலகைக்குப் பக்கத்தில் நின்று ஒருவரையொருவர் பகிடி பண்ணிச் சிரிக்கிறார்கள். போட்டுப் பார்த்தான். இரண்டு. தாய்க்குப் போன் எடுத்துப் பெரியம்மாவின் மகள் சாம்பவியின் குறிப்பைக் கேட்டான். அதுவும் கலாவதியின் ஏழுதான். ஆறு மாதத்தில் தட்டுமுட்டுச் சாமானோடு தாய் வீட்டுக்குத் திரும்பி வந்தவள். போட்டுப் பார்த்தான். ஒன்பது.

இந்தப் போனில் கீழ் பட்டன் நன்றாக வேலை செய்தது. கரிகாலன் அழுத்தினான். அழுத்திக்கொண்டே போனான். பதினாலு தரம் அழுத்தியபின், திரையின் அடியில், எறும்பு அளவு ஆங்கிலத்தில் ஒரு வரி வந்தது. இது சோதனைப் பதிப்பு, இன்னும் முப்பது நாள் வேலை செய்யும், அதன் பிறகு காட்டப்படுவது மாதிரி முடிவு மட்டுமே, முழுப் பதிப்பு வேண்டுமானால் இந்த இலக்கத்துக்குச் செய்தி அனுப்பவும். கீழே ஐந்து எண்கள். இந்தியாவுக்குள் மட்டும் போகிற இலக்கம். பாரிசில் இருந்து தலைகீழாக நின்றாலும் போகாது.

போனின் திகதியை இன்றிலிருந்து நாற்பது நாள் பிந்திய நாளுக்குத் தள்ளிவிட்டு மறுபடி போட்டுப் பார்த்தான். சித்திரைக்கும் அவிட்டத்துக்கும் ஏழு. பிரசாந்தனுக்கு ஏழு. சாம்பவிக்கு ஏழு. தன்னையே தனக்குக் கட்டிக்கொடுத்துப் பார்த்தான், அதுவும் ஏழு. ஒவ்வொரு தரமும் அதே ஏழு பொருத்தம், அதே ஒழுங்கில். லாச்சப்பல், பொபினி, பொண்டி எங்கும் பதினான்கு வருடமாகத் தாலி ஏறியது ஒரு மாதிரி முடிவை நம்பி. கரிகாலன் கடைக்குள் தனியாக நின்று கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தான். சிரித்து முடிந்ததும் ஞாயிற்றுக்கிழமை ஞாபகம் வந்தது.

தர்மிளாவுக்கு எல்லாவற்றையும் எழுதினான். உண்மையில் எத்தனை என்று அவள் கேட்டாள். மூன்று என்றான். அவளிடமிருந்து பதில் வர ஒரு நிமிடம் பிடித்தது. மூன்று இருக்கிறதா, நான் இரண்டு என்றல்லவா நினைத்தேன் என்று எழுதியிருந்தாள். அதற்குக் கீழே இன்னொரு செய்தி. அதில் பகிடி இல்லை. ஞாயிற்றுக்கிழமை ஏழு வரவேண்டும், எப்படியாவது.

எனவே கரிகாலன் திகதியைத் தள்ளியபடியே விட்டான். முகப்புத் திரையில் திகதி தெரியாதபடி மறைத்தான். ஞானசுந்தரத்தார் போனை வாங்கிக் கீழே நகர்த்திப் பார்த்தால் எறும்பு வரி அகப்பட்டுவிடும் என்பதால், போனைக் கழற்றி, கீழ் பட்டனுக்கு அடியில் ஒரு துண்டு ஒட்டுநாடாவை ஒட்டி மூடினான். பதினொரு வருடத் தொழிலில் திருத்தத் தெரியாமல் பழுதாக்கியவை பல. தெரிந்துகொண்டே பழுதாக்கியது இதுதான் முதல் தடவை. வேலை மிகச் சுத்தமாக வந்தது.

சனிக்கிழமை கலாவதி வந்தார். போனை மேசையில் கிடத்தினார். முதலில் அழுத்தியது கீழ் பட்டனைத்தான்.

"இதுவும் வேலை செய்யேல்லையோ தம்பி?"

"பழைய சாமான்தானே அக்கா. பாத்துத் திருத்தலாம்."

"வேண்டாம், விடும். எனக்கு இதுதான் கைக்குப் பழக்கம்."

அவ்வளவு சுலபமாக விட்டுவிட்டாரே என்று கரிகாலன் மூச்சு விட்டான். புதிய போன் என்பதால் நாளைக்கு அவனும் கூட வரவேண்டும் என்று கலாவதி சொன்னார். நடுவில் நின்றுபோனால் யார் பார்ப்பது? இப்படியாகக் கரிகாலன் தன் சொந்தப் பொருத்தம் பார்க்கும் இடத்துக்கு மெக்கானிக்காகப் போனான். அவனுடைய தாய், மாப்பிள்ளை வீட்டாராகப் போனார். மாப்பிள்ளை வருவதுதான் முறையில்லை, மெக்கானிக் வரலாம்.

பொபினி வீட்டில் அவனுக்குச் சப்பாத்துத் தட்டுக்குப் பக்கத்துக் கதிரை கிடைத்தது. தர்மிளா தேத்தண்ணீர் கொண்டுவந்து, இதுவரை கண்டிராத ஒருவரைக் கேட்பதுபோல், சீனி போடலாமோ என்று கேட்டாள். அவன் சீனி போடுவதில்லை என்பது அவளுக்கு ஒரு வருடமாகத் தெரியும். அவன் மரியாதையாக ஓம் என்றான். அவள் மூன்று கரண்டி போட்டாள். அவன் ஒரு துளி விடாமல் குடித்தான்.

கலாவதி போனை மேசையில் கிடத்தித் தட்டினார். எல்லோரும் குனிந்தார்கள். மணற்கடிகாரம் புரண்டது, ஏழு வந்தது. தர்மிளாவின் தாய் கண்ணைத் துடைத்தார். கரிகாலனின் தாய், நான் அப்பவே நினைச்சனான் என்றார். சப்பாத்துத் தட்டருகே இருந்த மெக்கானிக்கின் முகத்தில் மட்டும் எந்த உணர்ச்சியும் இல்லை. அதற்காக அவன் பட்ட பாடு அவனுக்குத்தான் தெரியும்.

ஞானசுந்தரத்தார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டினார். பிறகு சட்டைப் பையிலிருந்து தன் பட்டன் போனை எடுத்துக் கலாவதிக்கு முன்னால் மேசையில் வைத்தார்.

"எனக்குத் தங்கச்சியிலை நம்பிக்கை இல்லாமலில்லை. ஆனால் எனக்குப் பிள்ளை ஒண்டுதான். என்ரை போனிலையும் ஒருக்கால் பாத்தால்தான் மனம் ஆறும். தம்பி, தேவாரம் போட்டுத் தந்தமாதிரி இதையும் போட்டுவிடும்."

கரிகாலன் அந்தப் போனை வாங்கிப் பார்த்தான். புதிதாகப் போட்டால் உண்மை சொல்லும். மூன்று என்று சொல்லும், உயிர்க்கண்டம் என்று சிவப்பில் சொல்லும். இவருடைய போனில் திகதியும் சரி, கீழ் பட்டனும் சரி. காட் பொருந்தாது என்று சொல்லலாமா? தேவாரம் பொருந்தியதே. மெமரி போதாது என்று சொல்லலாமா? அதில் திருமுறையே இருக்கிறது. பொய்க்குப் பஞ்சம் வந்தது அவனுக்கு அன்றுதான். தர்மிளா தேத்தண்ணீர்த் தட்டைப் பிடித்தபடி கதவோரம் நின்றாள்.

கலாவதி தன் போனை எடுத்துக் கைப்பைக்குள் வைத்து, பையின் சிப்பை இழுத்து மூடினார். அவசரமில்லாமல் சொன்னார்:

"போடட்டும் அண்ணை, நல்லது. ஆனால் ஒண்டு. புதுசாப் போட்ட உடனை அது சரியாச் சொல்லாது. முப்பது நாள் போகவேணும். அதுக்குப் பிறகுதான் ஒரு நிதானத்துக்கு வரும்."

முப்பது நாள். கரிகாலன் நிமிர்ந்து கலாவதியைப் பார்த்தான். அந்த எண்ணை அவன் தர்மிளாவைத் தவிர ஒருவருக்கும் சொல்லவில்லை. அது எழுதியிருந்த வரி பதினாலு அழுத்தலுக்குக் கீழே கிடந்தது, அதற்குப் போகிற வழியை அவனே ஒட்டுநாடாவால் அடைத்திருந்தான். கலாவதி அவன் பக்கம் திரும்பவில்லை. முறுக்கு ஒன்றை எடுத்துக் கடித்துக்கொண்டிருந்தார்.

ஞானசுந்தரத்தாருக்கு இந்தச் செய்தி மிகவும் பிடித்துவிட்டது. கேட்டவுடன் பலன் சொல்லுகிற எந்தச் சாத்திரியையும் அவர் நம்பியதில்லை. காத்திருக்க வைக்கிறதென்றால் விசயம் இருக்கிறது. முப்பது நாளும் திறந்து பார்க்கக் கூடாது, பார்த்தால் பலன் கெட்டுவிடும் என்று கலாவதி சொன்னதையும் விரதம் போல ஏற்றுக்கொண்டார். கரிகாலன் காட்டைப் போட்டு ஏற்றினான். நம்பத்தகுந்ததல்ல, தொடரவா என்றது. ஞானசுந்தரத்தாரே தன் விரலால் ஓம் என்று அழுத்தினார். ஒருக்கால் திறந்து மூடவேண்டும் ஐயா என்று சொல்லி, கரிகாலன் ஒரு தரம் திறந்து மூடினான். அப்போதுதான் நாள் எண்ணத் தொடங்கும்.

திரும்பும்போது கலாவதியிடம் ஒன்றும் கேட்க முடியவில்லை. தாய் நடுவில் உட்கார்ந்துகொண்டு பொண்டி வரைக்கும் மண்டபங்களின் பெயர்களைச் சொல்லிக்கொண்டே வந்தார்.

அந்த முப்பது நாளும் தர்மிளா ஒவ்வொரு காலையும் நிலவரம் எழுதினாள். அப்பா தொடவில்லை. அப்பா தொடவில்லை. பன்னிரண்டாம் நாள், அப்பா தேவாரம் படித்து முடித்துவிட்டு, பக்கத்தில் இருக்கிற பொருத்தச் செயலியின் படத்தின் மேலே விரலைக் கொண்டுபோய் வைத்திருந்துவிட்டு எடுத்தார் என்று வந்தது. அன்று மத்தியானமே அவருடைய வாசிப்புக் கண்ணாடி தர்மிளாவின் கடைக்குப் போய்விட்டது. இடது கண்ணுக்குப் பவர் மாறியிருக்கிறதாம், புதிய கண்ணாடி வந்துசேரச் சுணங்குமாம். சுணங்கியது பதினெட்டு நாள். அந்தப் பதினெட்டு நாளும் ஞானசுந்தரத்தார் தேவாரத்தை மனப்பாடமாகச் சொன்னார். முப்பத்தோராம் நாள் காலையில் கண்ணாடி வந்தது. அதே கண்ணாடிதான், நன்றாகக் கழுவியிருந்தாள். பவர் மாற்றியபின் எவ்வளவு வெளிச்சமாகத் தெரிகிறது என்று அவர் வியந்தாராம்.

அன்று பத்து மணிக்குக் கடைக்குப் போன் வந்தது.

"தம்பி, ஏழு."

சொல்லிவிட்டும் ஞானசுந்தரத்தார் போனை வைக்கவில்லை. கொஞ்ச நேரம் செருமினார். தன்னுடையதையும் மனைவியுடையதையும் சேர்த்துப் போட்டுப் பார்த்தாராம். ஊரில் அந்தக் காலத்தில் பார்த்தபோது ஐந்துதான் என்று சொல்லியிருந்தார்களாம். கறியில் உப்புக் கூடினாலும் பஸ் தவறினாலும் அந்த ஐந்தைத்தான் முப்பத்தாறு வருடமாக நொந்துகொண்டிருந்தாராம். அதுவும் ஏழு தம்பி என்றார். குரல் இளகியிருந்தது. மனிசியிடம் இன்னும் சொல்லவில்லை, பின்னேரம் வெளியே கூட்டிக்கொண்டுபோய்ச் சொல்லப்போகிறாராம்.

கரிகாலன் கடையைப் பிரசாந்தனிடம் பார்க்கச் சொல்லிவிட்டுத் தேத்தண்ணீர்க் கடைக்கு நடந்தான். கலாவதி கடைசி மேசையில் இருந்தார். அவன் உட்காருவதற்கு முதலே போனை அவன் பக்கம் தள்ளினார்.

"இனித் திகதியைச் சரியாக்கிவிடும். முப்பது நாள் உண்மையாவே முடிஞ்சுது. மார்ச்சிலை வந்த மெசேச் எல்லாத்திலையும் மே எண்டு போட்டுக் கிடக்கு, பாக்க அலுப்பாக் கிடக்கு."

கரிகாலனுக்கு முகம் சுட்டது. எப்போதிருந்து தெரியும் என்று கேட்டான். முதல் போனின் முப்பத்தோராம் நாளிலிருந்து என்றார் கலாவதி. முதல் மாதம் அவர் மூன்று சம்பந்தம் கொண்டுபோனாராம். போன் இரண்டு, நாலு, மூன்று என்று சொல்ல, மூன்றும் உடைந்துபோயிற்றாம். அதில் ஒரு பெண் ஸ்டாலின்கிராட் மெத்ரோ வாசலில் வைத்து அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு, ஒருக்கால் பிழையாச் சொல்லியிருக்கலாமே அக்கா என்று அழுதாளாம். அடுத்த மாதம் எல்லாம் ஏழாக வரத் தொடங்கியதும் கலாவதி திரையை அடிவரை நகர்த்தி அந்த வரியை வாசித்தார். யாழ்ப்பாணத்தில் ஆங்கிலத்தில் நல்ல பெறுபேறு எடுத்தவர் அவர். வாசித்து முடித்துவிட்டுக் கொண்டை ஊசியால் கீழ் பட்டனைக் கிண்டி எடுத்தார்.

"நீர் பட்டனுக்குக் கீழை ஒட்டினதும் தெரியும். பழுது பாக்கிறவன் தன்ரை கையாலை ஒண்டைப் பழுதாக்கிறான் எண்டால், அந்தப் பிள்ளையை நல்லாத்தான் வைச்சிருப்பான் எண்டு நினைச்சன். அதுக்குத்தான் அண்டைக்கு வாய் திறந்தனான். எல்லாருக்கும் திறக்கமாட்டன்."

அப்போதுதான் கரிகாலனுக்கு அந்தத் தேத்தண்ணீர்களும், கடை வாசலில் சும்மா நின்ற அரை மணித்தியாலமும் விளங்கின. நன்றி சொல்லியிருக்கலாம். ஆனால் அவனுக்குச் சாம்பவி ஞாபகம் வந்தாள்.

"ஆனால் பொய்தானே அக்கா. சாம்பவிக்கும் ஏழு எண்டுதானே சொன்னனீங்கள்."

அந்தப் பெயர் கலாவதிக்கு வலித்தது என்பது தெரிந்தது.

"அது என்ரை கண் பிழைச்சது. போன் பிழைச்சதில்லை. உண்மையிலை அதுகளுக்கு எத்தினை?"

"ஒன்பது."

அவர் தலையை ஆட்டினார். மடங்காத இடது கையை மேசையின் மேல் தூக்கி வைத்தார்.

"எனக்கும் என்ரை மனிசனுக்கும் பத்துக்குப் பத்து, தம்பி. கோப்பாயிலை பெரிய சாத்திரியார் பாத்துச் சொன்னது. இந்தக் கை பனியிலை முறியேல்லை."

கரிகாலன் போனை எடுத்தான். திகதியை மட்டும் சரியாக்கிவிட்டுத் திருப்பி மேசையில் வைத்தான்.